படகுமுனைப் பையனுக்கு ஊர் உண்டு

ஆசிரியருக்கு வணக்கம்.

தங்கள் ஞாயிறு இணைப்பில், ஓடும் படகின் முனையில் கறுப்புக் கண்ணாடியோடு நின்று ஆடும் இந்தோனேசியச் சிறுவனின் படம் வந்திருந்தது. அடியில் 'நடுக்கடலில் குறும்பு' என்று ஒரு வரி. நான் சுமத்ராவில் ரியாவ் மாநிலக் காகிதக்கூழ் ஆலை ஒன்றில் வேலை பார்ப்பவன். அந்த வரியை அப்படியே விட மனமில்லை.

அது கடலே இல்லை, குவாந்தான் ஆறு. நடப்பது 'பாச்சு ஜாலூர்' என்ற படகுப் பந்தயம். ஜாலூர் என்பது ஒற்றை மரத்தைக் குடைந்து செய்வது. 25 முதல் 40 மீட்டர் நீளம் வரும். துடுப்புப் போட நாற்பது, ஐம்பது பேர் உட்காருவார்கள். டச்சுக்காரர் காலத்தில் வில்ஹெல்மினா ராணியின் பிறந்தநாளுக்கு நடத்தினார்களாம். இப்போது ஆகஸ்டில், சுதந்திர தினத்தையொட்டித் தெலுக் குவாந்தான் ஊரில் பெரிய பந்தயம்.

முனையில் நிற்கும் பையனுக்கு வேலை இருக்கிறது. தன் படகு முந்துகிறது என்று கரையில் நிற்பவர்களுக்கு ஆடிக் காட்டவேண்டும். பின்தங்கினால் ஆட்டம் கிடையாது. முன்பாரம் ஏறக் கூடாது என்பதால்தான் சிறுவனை நிறுத்துகிறார்கள். பின்முனையில் ஒருவர் உடம்பை உந்தி உந்தித் தாளம் கொடுப்பார். ஒவ்வொரு துடுப்பு வீச்சுக்கும் முன்முனை துள்ளும். அதன்மேல் கால் பிசகாமல் நின்று, முகத்தில் ஒரு சலனமும் இல்லாமல் கையைச் சுழற்றுவதைக் குறும்பு என்றால் எப்படி?

2025 ஜூலையில் இணையத்தில் பரவிய அந்த ஆட்டத்தை வைத்துப் பாரிஸ் செயின்ட் ஜெர்மைன் கால்பந்து அணி வரை வீடியோ போட்டது. ரியாவ் ஆளுநர் பையனைச் சுற்றுலாத் தூதராக்கி 2 கோடி ரூபியா கல்வி உதவியும் கொடுத்தார். (நம் காசுக்கு மாற்றினால் பெரிய தொகை இல்லை.) வெளியுலகம் பார்த்தது சில விநாடிதான். உள்ளூர்க்காரர்கள் அப்படிப் பார்ப்பதில்லை. பந்தய நாட்களில் எங்கள் ஆலைக் கேன்டீனில் குவாந்தான்காரர்கள் போனைக் குவளையில் சாய்த்து வைத்து யூடியூப் நேரலை பார்ப்பார்கள். இரண்டிரண்டு படகாக மோதித் தோற்றது வெளியேறும், மணிக்கணக்கில் போகும். சொந்த ஊர்ப் படகு தோற்றுவிட்டால் அன்றைக்கு அவர்களிடம் பேச்சுக் கொடுக்க முடியாது.

இங்குள்ளவர்களுக்கு நீளமாக எதையும் பார்க்கப் பொறுமை இல்லை என்றும் சொல்வதற்கில்லை. 2020 ஆகஸ்டில் யூடியூபில் வந்த 'திலிக்' குறும்படம் முழுக்க ஜாவா மொழி. பெண்கள் லாரியில் நின்றபடி வம்பளந்துகொண்டே போவார்கள், அவ்வளவுதான். யோக்யகர்த்தா பண்பாட்டுத் துறை தந்த பணத்தில் எடுத்த அந்த அரைமணி நேரப் படத்தைக் கோடிக்கும் மேல் பார்த்தார்கள். அதைப் பற்றித் தங்கள் இதழில் ஒரு வரி வந்ததாக எனக்கு நினைவில்லை.

வரும் ஆகஸ்டில் பந்தயச் செய்தி போடுவதானால் ஆற்றின் பெயரையும் ஊரின் பெயரையும் சேர்த்துப் போடுங்கள். படம் வேண்டுமென்றால் கரையில் நின்று நானே எடுத்து அனுப்புகிறேன்.

இரா. ச.,
பங்கலான் கெரிஞ்சி, ரியாவ்