மண்டையோட்டு நூலுக்கு முன்பே வந்த சட்டம்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். குற்றவாளி பிறக்கிறானா, உருவாகிறானா என்பது குறித்துத் தங்கள் ஞாயிறு இணைப்பில் வெளிவந்த கட்டுரையைப் படித்தேன். இத்தாலிய மருத்துவர் லொம்ப்ரோசோவைப் பற்றி விரிவாக எழுதியிருந்த கட்டுரையாளர், அதே எண்ணம் சட்டமாகி எங்கள் ஊர்களை வதைத்த கதையை ஒரு வரியில்கூடத் தொடாதது எனக்கு மிகுந்த வருத்தம் அளித்தது.

வில்லெல்லா என்னும் கைதியின் மண்டையோட்டை ஆராய்ந்த லொம்ப்ரோசோ, அதன் பின்பக்க அடியில் ஒரு சிறு குழிவைக் கண்டார்; விலங்குகளுக்கு உரிய அக்குழிவு மனிதனிடம் தென்படுவதால், குற்றவாளி என்பவன் ஆதிநிலைக்குத் திரும்பிப் பிறந்தவன் என்று முடிவுகட்டி, 1876-இல் நூலாகவும் வெளியிட்டார். ஆனால் இந்தியாவில், சில சமூகங்களை முழுவதுமாகப் பிறவிக் குற்றவாளிகள் என்று முத்திரை குத்திய குற்றப் பரம்பரைச் சட்டம் இயற்றப்பட்டது 1871-இல். தச்சன் மகன் தச்சன் என்பதுபோலத் திருடன் மகனும் திருடனே என்ற ஒற்றை வாதமே ஆங்கிலேய ஆட்சியாளர்களுக்குப் போதுமானதாக இருந்தது. மண்டையோட்டை அவர்கள் தேடவும் இல்லை.

அச்சட்டம் 1911-இல் சென்னை மாகாணத்துக்கும் விரிந்தது. இரண்டே ஆண்டுகளில், 1913-இல், இங்கிலாந்தின் சிறை மருத்துவர் சார்லஸ் கோரிங், ஏறத்தாழ 3,000 கைதிகளை அளந்து, மாணவர்களோடும் படைவீரர்களோடும் ஒப்பிட்டு, குற்றவாளிக்கென்று தனி உடலமைப்பு ஏதும் இல்லை என்று எழுதினார். (அறிவுக் குறைவு மரபுவழி வருகிறது என்று அவரும் நம்பினார் என்பதை மறைக்க வேண்டியதில்லை.) இங்கோ அச்சட்டப்படி அச்சமூகத்தினரிடம் எடுக்கப்பட்ட கைரேகைப் பதிவு நிற்கவில்லை. 1920 ஏப்ரல் 3 அன்று உசிலம்பட்டிக்கு அருகிலுள்ள பெருங்காமநல்லூரில் கைரேகை வைக்க மறுத்த மக்கள்மீது போலீசார் சுட்டதில் மாயக்காள் என்ற பெண் உட்பட 16 பேர் உயிர்நீத்தனர். சென்னை மாகாணத்தில் சட்டம் ஒழிந்தது 1947-இல்தான்.

என் தாத்தா, பத்து விரல்களிலும் மை தடவிக்கொண்டு நின்றவர். ஊரைவிட்டு வெளியே செல்வதற்கான அனுமதியாகிய ராதாரிச் சீட்டு இல்லாமல் பக்கத்து ஊர்ச் சந்தைக்குக்கூடப் போக முடியாதிருந்த காலத்தை அவர் அடிக்கடி சொல்வார். அறுபது வயதுக்குமேல் பேரனாகிய என்னிடம் சிலேட்டைக் கொடுத்துத் தம் பெயரின் நான்கு எழுத்துகளை எழுதப் பழகினார். ரேஷன் கடைப் பதிவேட்டில் பெருவிரலை அழுத்தாமல் கையெழுத்துப் போட வேண்டும் என்பது ஒன்றே அதற்குக் காரணம். எழுத்து கோணலாக விழும். ஆனாலும் மைப்பெட்டியை ஒருபோதும் தொடமாட்டார்.

அச்சட்டத்தின் பட்டியலிலிருந்து விடுவிக்கப்பட்ட சமூகத்தினராகிய சீர்மரபினரைப் பழக்கக் குற்றவாளிகளாகக் கருதும் சிறை விதிகள் செல்லாது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளிக்க 2024 அக்டோபர் வரை காத்திருக்க வேண்டியிருந்தது. ஆகவே, கைதானவரின் சாதியைக் குற்றச் செய்தியில் குறிப்பிடும் வழக்கத்தைத் தங்கள் நாளிதழ் கைவிட வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். ரேகைப் பதிவை நேரில் கண்டவர்களுக்கு இப்போது தொண்ணூறு வயதாவது இருக்கும். தங்கள் செய்தியாளர் ஒருவரை இந்தக் கோடைக்குள் எங்கள் பக்கம் அனுப்பினால், பேசக்கூடியவர்களின் வீடுகளுக்கு நானே அழைத்துச் செல்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகன்,
உசிலம்பட்டி வட்டம்.