பாலைவனம் போய் வந்தவர்களின் நன்றி மடல்

அன்புடையீர்,

வணக்கம். வேலூர் காகிதப்பட்டறையில் என் வீட்டு மாடிக் கொட்டகையில் ஞாயிறுதோறும் கூடும் வாசிப்பறையின் பிள்ளைகள் எட்டுப் பேரும், அவர்களுக்குத் துணையாக ஒரு கல்லூரி மாணவியும், ஒரு பிள்ளையின் தாயாரும், ஓய்வுபெற்ற தமிழாசிரியனாகிய நானும், இராஜஸ்தான் மாநிலத்து ஜெய்சல்மேருக்குச் சென்று, அங்கே திறந்தவெளியில் நடைபெறும் பாலைவனத் திருவிழாவைக் கண்டு நலமாகத் திரும்பி இரண்டு வாரங்கள் ஆகின்றன. திரும்பியது முதல் பிள்ளைகள் எதிர்ப்படுவோரிடமெல்லாம் “அங்கே பாட்டுக் கச்சேரி எல்லாமே ஓசி” என்று சொல்லித் திரிகிறார்கள். நுழைவுச்சீட்டு இல்லை என்பது உண்மைதான். அந்த ஓசிக்குப் பின்னால் யார் யாருடைய பணமும் உழைப்பும் பொறுமையும் இருக்கின்றன என்பது எனக்குத் தெரியும் என்பதால் இம்மடலைப் பொதுவில் எழுதுகிறேன். பெயர் வேண்டாம் என்று பெரும்பாலோர் கேட்டுக்கொண்டபடி எவர் பெயரையும் எழுதவில்லை. படிக்கும்போது அவரவருக்குத் தம் இடம் தெரிந்துவிடும்.

முதல் நன்றி பழைய புத்தகக் கடை பாய்க்கு. இரண்டாண்டுகளுக்கு முன் ஒரு சாக்கு நிறையச் சிறுவர் இதழ்களை எடைக்கு வாங்கி வந்தபோது, அடியில் கிடந்த நான்கு ஜப்பானியப் பேய்ப்படக் கதைகளைக் கணக்கில் சேர்க்காமல் கொடுத்தனுப்பியவர் அவர்தான். அட்டையைப் பார்த்த மாத்திரத்தில் அவற்றைப் பரண்மேல் ஒளித்து வைத்தேன் என்பதை இப்போது ஒப்புக்கொள்கிறேன். நாற்பதாண்டுக்காலம் பிள்ளைகளோடு வாழ்ந்தவன் ஒளித்து வைப்பதன் விளைவை அறிந்திருக்க வேண்டும். அடுத்த ஞாயிறே நான்கும் கை மாறிக் கை மாறி நைந்துபோயின. அவற்றை முதலில் சரியாகப் படிக்கத் தெரிந்தவள் பேரணாம்பட்டிலிருந்து வந்து உறவினர் வீட்டில் தங்கிப் படிக்கும் சிறுமி. மற்றவர்கள் இடப்பக்கம் தொடங்கித் தலையும் வாலும் புரியாமல் விழித்தபோது, உருதுப் பாடநூலைத் திறப்பதுபோல வலப்பக்கத்திலிருந்து திறந்து, கட்டங்களையும் வலமிருந்து இடமாகப் படித்துக்காட்டிவிட்டு, “இதில் என்ன இருக்கிறது?” என்று கேட்டாள். எனக்கும் அவளே ஆசிரியை.

அந்நூல்கள் ஆங்கில மொழிபெயர்ப்பில் இருந்தன. பிள்ளைகளில் பெரும்பாலோர் தமிழ்வழியில் படிப்பவர்கள். மேற்சொன்ன கல்லூரி மாணவி, தம் தேர்வுக்காலத்தில்கூட, ஒவ்வொரு உரையாடலையும் தமிழில் எழுதிச் சிறு சிறு சீட்டுகளாக வெட்டி, பேச்சுக்குமிழ்களின்மேல் ஒட்டிக்கொண்டே வந்தார். ஏறத்தாழ 600 பக்கங்கள். ஓசைச் சொற்கள்தான் அவரை மிகவும் வருத்தின. இடி, காற்று, காலடி ஆகியவற்றுக்கு நம்மிடம் இரட்டைக்கிளவிகள் ஏராளம். ஆனால் சத்தமே இல்லாத நிலைக்கும் ஜப்பானியர் “ஷீன்” என்று ஓர் ஓசைச்சொல் வைத்திருக்கிறார்கள். யாரும் இல்லாத வகுப்பறை, அணைந்த விளக்கு, அதன்மேல் பெரிதாக அந்தச் சொல். “மயான அமைதி” என்று நான் முன்மொழிந்ததை ஒருமனதாக நிராகரித்த பிள்ளைகள், நள்ளிரவில் மின்விசிறி நின்றதும் காதுக்குள் கேட்குமே, அந்த “ஙொய்ய்ய்” என்பதைப் போட்டார்கள். நாற்பதாண்டுகள் “ஙப்போல் வளை” என்ற ஒரே வரிக்காகக் கற்பித்த எழுத்துக்கு ஒரு வேலை கிடைத்ததில் நான் அடைந்த மகிழ்ச்சியை இங்கே பதிவு செய்ய விரும்புகிறேன்.

பயணத்துக்குக் காரணமும் ஒரு நூல்தான். 1936இல் பிறந்து 2024 அக்டோபரில் தம் 88ஆம் வயதில் மறைந்த ஜப்பானியப் படக்கதை ஓவியர் கசுவோ உமெசு, 1972 முதல் 1974 வரை தொடராக வரைந்த கதை ஒன்றில், ஒரு தொடக்கப்பள்ளி கட்டடத்தோடும் பிள்ளைகளோடும் திடீரென்று மறைந்து, கண்ணுக்கெட்டிய தூரம்வரை மணலன்றி வேறொன்றும் இல்லாத எதிர்காலப் பாழ்நிலத்தில் போய் நிற்கிறது. பெரியவர்கள் ஒவ்வொருவராக நிலைதடுமாறிப்போக, பிள்ளைகளே நீருக்கும் சோற்றுக்கும் வழி தேடுகிறார்கள். எங்கள் பிள்ளைகளை அது பிடித்து உலுக்கியது. பாலாற்று மணலில் நின்றுகொண்டு, “பாலைவனம் இப்படித்தான் இருக்குமா, ஐயா?” என்று கேட்டார்கள். தண்ணீரில்லாத ஆற்றைக் காட்டி நான் என்ன விடை சொல்வது?

அந்தச் சமயத்தில்தான் ஜெய்சல்மேரிலிருந்து ஒரு குடும்பம் சிகிச்சைக்காக வேலூர் வந்து, எங்கள் தெருவுக்கு அருகில் ஒரு விடுதியில் இரண்டு மாதம் தங்கியிருந்தது. அவர்களுடைய பன்னிரண்டு வயது மகன் ஒரு ஞாயிறு மாடிப்படி ஏறி வந்தான். தமிழ் தெரியாது, ஆங்கிலம் அரைகுறை. படக்கதைக்கு அது போதுமானதாக இருந்தது. அவன் தந்தையார் ஊர் திரும்பும் நாளில், “பாலைவனம் பார்க்க வேண்டுமென்றால் என் வீட்டு மாடியும் மாடிதான்” என்று இந்தியில் சொன்னதை, படையில் பணியாற்றித் திரும்பிய கம்மவான்பேட்டைக்காரர் ஒருவர் எங்களுக்கு மொழிபெயர்த்தார். வெறும் உபசாரமாக எடுத்துக்கொண்டிருப்பேன், பிள்ளைகள் விடவில்லை.

அந்தக் கம்மவான்பேட்டை ஐயாவுக்கு என் நன்றியைத் தனியே சொல்ல வேண்டும். வெயிலூர் என்றே பெயரெடுத்த ஊர்க்காரர்கள் நாங்கள்; பாலைவனம் என்றதும் பருத்திச் சட்டையும் தொப்பியும் எடுத்து வைத்தோம். அவர் வந்து பெட்டிகளைப் பார்த்துச் சிரித்தார். அந்த எல்லைப்பக்கம் நான்கு குளிர்காலம் காவல் நின்றவர். மணல் எவ்வளவு விரைவில் சூடேறுமோ அவ்வளவு விரைவில் குளிர்ந்துவிடும் என்றும், சூரியன் மறைந்த ஒரு மணிநேரத்தில் பல் கிட்டும் என்றும் சொல்லி, தம் ஊரில் வீடு வீடாகக் கேட்டு ஆறு கம்பளிகள் சேகரித்துக் கொண்டுவந்தார். பிள்ளைகளின் கையிலிருந்த நூலைப் புரட்டி, பேய்க்கதை வேண்டாமே என்று முதலில் முகம் சுளித்தவரும் அவரே. ஷிகெரு மிசுகி என்ற ஜப்பானிய ஓவியர் இரண்டாம் உலகப்போரில் பாப்புவா நியூகினியின் ரபவுல் பகுதியில் இடக்கையை இழந்து, எஞ்சிய வலக்கையால் வாழ்நாள் முழுதும் பேய்களையும் பூதங்களையும் வரைந்தவர் என்று சொன்னபோது, நெடுநேரம் பேசாமல் இருந்துவிட்டு, “அப்படியென்றால் படிக்கட்டும்” என்றார்.

பெற்றோரின் இசைவைப் பெறுவது எளிதாக இருக்கவில்லை. பேய்ப்புத்தகம் படித்துவிட்டுப் பேய்பிடித்த ஊருக்குப் போகிறார்கள் என்று யாரோ கிளப்பிவிட்ட பேச்சு இரண்டு வீடுகளில் அழுகையாகவே முடிந்தது. குடியாத்தத்தில் பிறந்து வளர்ந்த ஒரு பாட்டி அதைத் தீர்த்து வைத்தார்: வைகாசி முதல்நாள் கெங்கையம்மன் சிரசு ஊர்வலமாக வருவதைத் தோளில் உட்கார்ந்து பார்த்த பிள்ளைகள், காகிதத்தில் வரைந்த தலைக்கா பயப்படப்போகிறார்கள் என்று கேட்டார். அச்சத்தையும் பக்தியையும் ஒரே தெருவில் வைத்து வளர்த்த ஊர்க்காரர் கேட்ட கேள்வி அது. எவரிடமும் பதில் இல்லை. முன்பதிவு தொடங்கிய அன்று காலை எட்டு மணிக்கே பதினொரு படுக்கைகளையும் பிடித்துத் தந்த காட்பாடி நண்பருக்கும், இரண்டு வேளைக்குப் புளிசோறு கட்டித் தந்த தாய்மாருக்கும் நன்றி. புளிசோறு மூன்று வேளைக்கு வந்தது.

ஜெய்சல்மேர் 1156இல் இராவல் ஜெய்சல் கட்டிய மஞ்சள் மணற்கல் கோட்டையைச் சுற்றி எழுந்த ஊர். வேலூர்ப் பிள்ளைகளுக்குக் கோட்டை புதிதல்ல. ஆனால் கோட்டைக்குள் மக்கள் இன்றும் வீடுகட்டி வாழ்ந்து, கொடியில் துணி உலர்த்துவது புதிது. திருவிழா மாக மாதப் பௌர்ணமியில் நிறைவடைவது. நம் நாட்காட்டியில் அது சில ஆண்டுகளில் தைப்பூசத்தையும் சில ஆண்டுகளில் மாசி மகத்தையும் ஒட்டி வரும். தலைப்பாகை கட்டும் போட்டி, மீசைப் போட்டி, எல்லைப் பாதுகாப்புப் படையின் ஒட்டகச் சாகசம் ஆகியவற்றைப் பற்றிப் பிள்ளைகளே உங்களிடம் வேண்டிய அளவு சொல்லியிருப்பார்கள். நான் இசையைப் பற்றி மட்டும் எழுதுகிறேன்.

விளையாட்டரங்கில் அமைத்திருந்த மேடையில் மாங்கணியார் கலைஞர்கள் வரிசையாக அமர்ந்து பாடினார்கள். அவர்கள் சமயத்தால் இசுலாமியர். தலைமுறை தலைமுறையாக இராஜபுத்திரர் முதலிய இந்துக் குடும்பங்களின் பிறப்புக்கும் திருமணத்துக்கும் பாடி, தானியமும் ஆடுமாடும் பணமும் பெற்று வந்தவர்கள். நம் பக்கத்துக் கூத்துக்காரர்கள் மிராசு என்று சொல்லும் உரிமைக்கு மிக நெருங்கிய ஏற்பாடு. ஆட்டுத்தோல் போர்த்திய வட்ட வயிற்றை உடைய கமாய்ச்சா என்ற வில்வாத்தியத்தின் குரல் வயலினைவிடக் கனத்தது, கொஞ்சம் கரகரப்பானது, ஒரு கிழவர் அழுவதுபோன்றது. அவ்வாத்தியத்தில் பேர்பெற்றிருந்த, மறைந்த ஹமீரா கிராமத்துச் சாகர் கானுக்கு 2012இல் பத்மஸ்ரீ கிடைத்ததை எங்களை அழைத்துச் சென்றவர் தம் வீட்டுப் பெருமையாகவே சொன்னார். மோர்ச்சங் என்பது நம் மோர்சிங்கேதான். கர்தால் என்ற மரக்கட்டைகளைப் பார்த்ததும், பஜனையில் சப்ளாக்கட்டை தட்டும் எங்கள் பையன் ஒருவன் எழுந்து நின்றுவிட்டான். ஒரு கைக்கு இரண்டு கட்டைகளை வைத்துக்கொண்டு அவர்கள் எழுப்பும் வேகத்தைக் கண்டு, மறுபடியும் அமைதியாக உட்கார்ந்தான்.

என் தகப்பனார் ஆர்க்காட்டுப் பக்கத்தில் பாரதக் கூத்துக்குத் தலைக்கட்டு வரி வசூலித்தவர். பத்துப் பதினெட்டு இரவுகள் முகவீணையும் மத்தளமும் ஒலிக்க, எந்த ஊர்க்காரரும் பாய் விரித்துப் படுத்துக்கொண்டு இலவசமாகப் பார்ப்பார்கள். அதற்கு எந்தெந்த வீட்டில் கடன் வாங்கி வரி கட்டினார்கள் என்பது அவர் நோட்டில் இருக்கும். ஜெய்சல்மேரில் மேடைக்கும் விளக்குக்கும் மாநிலச் சுற்றுலாத் துறை பொறுப்பேற்கிறது. ஆயினும் கடைசி நாள் இரவு, நகருக்கு மேற்கே ஏறத்தாழ 40 கிலோமீட்டரில் உள்ள சாம் மணற்குன்றுகளில், நிலவொளியில் ஆயிரக்கணக்கானோரோடு உட்கார்ந்திருந்தபோது, அந்த நோட்டுத்தான் என் நினைவில் ஓடிக்கொண்டிருந்தது. நாங்கள் தங்கிய வீட்டில் எங்களுக்காகக் குடிநீர் வாளிகளை எண்ணிச் செலவழித்ததைப் பார்த்துவிட்டு வந்திருந்தேன்.

மறுநாள் குல்தாராவுக்குச் சென்றோம். பாலிவால் குடிகள் கைவிட்டுப்போன, கூரையற்ற வீடுகளின் ஊர். கொடிய அமைச்சன் ஒருவனுக்கு அஞ்சி ஒரே இரவில் அனைவரும் வெளியேறிச் சாபமிட்டார்கள் என்பது கதை. பிள்ளைகள் எதிர்பார்த்து வந்த பேயூர் இதுதான். பட்டப்பகலில், ஒரு திண்ணையில் அமர்ந்து, உமெசுவின் மூன்றாம் தொகுதியை உரக்கப் படித்தார்கள். பக்கத்தைப் புரட்டினால் முழுப்பக்கத்தில் எது பாயும் என்று தெரிந்தே புரட்டுவதுதான் இவ்வகைக் கதைகளின் சுகம். படித்து முடித்ததும் பேரணாம்பட்டுச் சிறுமி, கிணறு எங்கே என்று கேட்டாள். தண்ணீர் குறைந்ததால்தான் மக்கள் சிறிது சிறிதாக வெளியேறினார்கள் என்றும் ஒரு கருத்து உண்டு என்றேன். அவள் ஊரில், தோல் கழிவால் கெட்டுப்போன கிணறுகள் எத்தனை என்பதை அவள் எண்ணிச் சொன்னாள். யாரும் சிரிக்கவில்லை. “ஙொய்ய்ய்” என்றான் ஒருவன், மெதுவாக.

அந்த மூன்றாம் தொகுதியைத் திரும்பும் வழியில் ரயிலிலேயே விட்டுவிட்டோம். வாசிப்பறை முத்திரையில் இருந்த எண்ணைப் பார்த்து அழைத்து, பதிவுத் தபாலில் அனுப்பி, தபால் செலவை வாங்க மறுத்த சகபயணிக்கு எங்கள் அனைவரின் நன்றி. தமிழ்ச் சீட்டுகளில் இரண்டுதான் உதிர்ந்திருந்தன.

வரவு செலவுக் கணக்கு மாடிச்சுவரில் ஒட்டப்பட்டுள்ளது. மிச்சம் 340 ரூபாய். கம்பளிகளைத் துவைத்து வெயிலில் காயவைத்து மடித்து வைத்திருக்கிறோம். கம்மவான்பேட்டை ஐயா எந்த ஞாயிறும் வந்து பெற்றுக்கொள்ளலாம். ஐந்துதான் இருக்கும். ஆறாவதை, சாம் மணற்குன்றில் தன் தாத்தாவின் வாசிப்பு முடியும்முன் மேடையருகே தூங்கிவிட்ட கர்தால் வாசிக்கும் சிறுவன்மேல் எங்கள் பெண் ஒருத்தி போர்த்திவிட்டாள். திரும்ப எடுக்க எவருக்கும் கை வரவில்லை. அது எந்த வீட்டுக் கம்பளி என்று தெரிவித்தால், அந்த வீட்டுக்கு நேரில் வந்து சொல்கிறோம்.

இங்ஙனம்,
மாடி வாசிப்பறைப் பிள்ளைகள் எண்மருக்காக,
ஓய்வுபெற்ற தமிழாசிரியர்,
காகிதப்பட்டறை, வேலூர்.