1974ஐ எழுதும்போது தோட்டத்தை விட்டுவிடாதீர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

உலகப் போருக்குப் பிறகான பொருளாதாரம் பற்றி நீங்கள் போட்டு வரும் தொடரை விடாமல் வாசிக்கிறேன். போன ஞாயிறு எண்ணெய் நெருக்கடி. 1973 ஒக்டோபர் யுத்தம், அரபு நாடுகள் போட்ட தடை, பீப்பாய் 3 டொலர் மட்டில் இருந்த எண்ணெய் 1974 ஜனவரியில் 11 டொலரைத் தாண்டியது, எல்லாம் சரியாகத்தான் எழுதியிருக்கிறீர்கள். ஆனால் அமெரிக்காவில் கார்கள் பெற்றோலுக்கு வரிசையில் நின்றதோடு கட்டுரை முடிந்துவிட்டது. அதே காலத்தில் இலங்கையில் எங்கள் மலையகத் தேயிலைத் தோட்டங்களில் சனம் பட்டினியால் செத்ததற்கு ஒரு வரிகூட இல்லை. மனது கேட்கவில்லை.

எண்ணெய் மட்டும் காரணமில்லை. 1972இல் சோவியத் யூனியன் அமெரிக்காவிடம் பெருந்தொகை கோதுமை வாங்கியதிலிருந்தே உலகச் சந்தையில் கோதுமை விலை ஏறத் தொடங்கியிருந்தது. நாங்களோ கோதுமை மா ரொட்டியில் உயிர் வாழ்ந்தவர்கள். தேயிலை விற்ற காசு அரிசிக்கும் மாவுக்கும் எண்ணெய்க்கும் போதாமல் போக, அரசாங்கம் கூப்பனுக்குக் கொடுத்த உணவுப் பங்கீட்டு அளவைக் குறைத்தது. கிராமத்தில் பலருக்கு மரவள்ளி நட ஒரு மூலையாவது இருந்தது, லயத்தில், அதாவது தோட்டத்துக்குச் சொந்தமான வரிசை வீடுகளில் இருந்தவர்கள் எங்கே போவது? 1948 சட்டத்தில் பிரஜாவுரிமை பறிபோய், எங்களை இலங்கையும் இந்தியாவும் பங்கிட்டுக்கொள்ளப் போட்ட 1964 சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்துக்குப் பிறகு இந்த நாடா அந்த நாடா என்று தெரியாமல் காத்திருந்த சனம் அது. அன்றன்று வேலைக்குப் பேர் பதிந்தால்தான் சம்பளம், அந்த வேலையும் கிழமைக்குச் சில நாள்தான்.

எனக்கு அப்போது 9 வயது. கல்யாணத்துக்குக் கொண்டுவந்த பித்தளைக் குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு அம்மா டவுனுக்குப் போனார், திரும்பி வரும்போது சேலைத் தலைப்பில் கொஞ்சம் மா முடிந்திருந்தது. ரொட்டி தட்டி எங்கள் நாலு பேருக்கும் பிய்த்துக் கொடுத்துவிட்டு அவர் வெறும் சாயத்தண்ணி குடித்தார். பக்கத்துக் காம்பரா (அறை) தாத்தா அந்த வருடம் எழும்பவே இல்லை. எங்கள் லயத்திலேயே இரண்டு குடும்பம் வவுனியாப் பக்கம் போய்விட்டது.

அடுத்து 1977 திறந்த பொருளாதாரத்துக்குப் போவீர்கள் என்று நினைக்கிறேன். அதற்கு முதல் இதை ஒரு பகுதியாகப் போடுங்கள். அம்மாவுக்கு 84 வயது, ஞாபகம் நன்றாக இருக்கிறது. ஹட்டனுக்கு உங்கள் நிருபர் யாராவது வந்தால் நானே வந்து கூட்டிப்போகிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தோட்டப் பாடசாலை ஆசிரியர்,
ஹட்டன்