51 நிமிடப் படத்துக்கும் இடம் கொடுங்கள்

ஆவணப்பட விழாத் தேர்வுக் குழுவினருக்கு,

வணக்கம். அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் லெஸ் பிளாங்கின் படங்களைத் திரையிடக் கேட்டு நான் அனுப்பிய விண்ணப்பம் மூன்றாம் ஆண்டாகத் திரும்பி வந்திருக்கிறது. காரணம் அதே ஒற்றை வரி: கால அளவு எந்தப் பிரிவிலும் அடங்கவில்லை. 40 நிமிடத்துக்குள் குறும்படம், 70 நிமிடத்துக்கு மேல் முழுநீளப் படம். நடுவில் நிற்பதற்குப் போக்கிடம் இல்லை. அந்த விதியைத் தளர்த்துங்கள் என்று கேட்கத்தான் இந்த மடல்.

அவர் யாரென்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. ஜெர்மன் இயக்குநர் வெர்னர் ஹெர்சாக் தன் படத்துக்காக மலைமேல் கப்பலை இழுக்கப் பட்ட சிரமத்தைச் சொல்லும் ‘பர்டன் ஆஃப் ட்ரீம்ஸ்’ படத்தை நீங்களே திரையிட்டீர்கள். அது 95 நிமிடம். ஆனால் அவர் வாழ்நாளைக் கொடுத்தது வேறு மனிதர்களுக்கு: போல்கா நடனம் ஆடுகிறவர்கள், லூசியானாவில் பிரெஞ்சு வழிவந்த கேஜன் மக்களின் இசைக்காரர்கள், பூண்டுப் பிரியர்கள், முன்பல்லில் இடைவெளி உள்ள பெண்கள். அவர்களைப் பற்றிய படங்கள் பெரும்பாலும் ஒரு மணி நேரத்துக்குள் முடிந்துவிடும்.

டெக்சஸ்-மெக்சிகோ எல்லைப்புற இசையைப் பற்றிய ‘சூலாஸ் ஃப்ரோன்டெராஸ்’ படத்தை ஒருமுறை பாருங்கள். 12 தந்தி கிதாருடன் பாடும் லிடியா மென்டோசா, வீட்டுப் பெண்களோடு உட்கார்ந்து சோள மாவில் தமாலே என்ற மெக்சிகோ பலகாரம் செய்கிறார். பாட்டும் சமையலும் ஒரே கையிலிருந்து வருவதை அந்த கேமரா அவசரப்படாமல் பார்த்துக்கொண்டிருக்கிறது. விளக்கவுரை சொல்ல யாரும் குறுக்கே வருவதில்லை. சொல்ல வேண்டியது 58 நிமிடத்தில் முடிகிறது, படமும் முடிகிறது. பூண்டுப் படம் 51 நிமிடம். அதைத் திரையிடும்போது பிளாங்க் அரங்கின் பின்னால் சிறு அடுப்பில் பூண்டு வாட்டி, அந்த வாசனையைப் பார்வையாளர்களிடம் பரவவிடுவார். இந்த இரண்டையும் அமெரிக்க தேசியத் திரைப்படப் பதிவேடு காக்க வேண்டியவை என்று சேர்த்துக்கொண்டது, ஒன்றை 1993இல், மற்றதை 2004இல். உங்கள் வாசலில் இரண்டுக்கும் அனுமதி இல்லை.

நிறுவனங்களுக்கு விளம்பரப் படம் எடுத்துக் கொடுத்துப் பிழைத்துக்கொண்டே அவர் இவற்றை எடுத்தார். 2013இல் மறைந்துவிட்டார். உங்கள் விதியால் அவருக்கு இனி நஷ்டமில்லை. எனக்கு மனம் பொறுக்காதது இன்றைய இளைஞர்களின் நிலை. யாரும் திரும்பிப் பாராத ஒரு கூட்டத்தோடு இரண்டு ஆண்டு பழகி, 50 நிமிடத்தில் அழகாக முடித்த படத்தில் வானத்துக் காட்சிகளையும் நிபுணர் பேட்டிகளையும் திணித்து 70 நிமிடமாக இழுக்கிறார்கள். அப்படி இழுத்த ஒரு படத்தைச் சென்ற ஆண்டு உங்கள் அரங்கில் பார்த்தேன். பக்கத்தில் உட்கார்ந்திருந்த அதன் இயக்குநர் தலை குனிந்தபடியே இருந்தார். நிதி கொடுப்பவர்களும் முதலில் கேட்பது நிமிடக் கணக்கைத்தான். படம் யாரைப் பற்றியது என்பது அப்புறம்.

சற்றுக் கடுமையாக எழுதிவிட்டேன், மன்னியுங்கள். விழாவை நடத்த நீங்கள் படும் பாடு தெரியும். 40க்கும் 70க்கும் இடைப்பட்ட படங்களுக்கு ஒரே ஓர் அமர்வு ஒதுக்குங்கள், காலை முதல் காட்சியாக இருந்தாலும் போதும். நிகழ்ச்சி நிரல் அச்சுக்குப் போகும் முன் பதில் தந்தால் நன்றியுடையவனாக இருப்பேன்.

இப்படிக்கு,
உங்கள் விழாவின் நெடுநாள் பார்வையாளன்