பெட்டிக்காரர்

அன்புள்ள மாப்ளே,

உன் கடிதம் வந்து பத்து நாளாகிறது. முட்டிவலி, மழை, காபிப் பழம் பறிக்க ஆள் கிடைக்காத எரிச்சல் எல்லாம் சேர்ந்து பதில் தள்ளிப்போயிற்று. ஏற்காட்டில் இப்போது நாலு மணிக்கே பனி இறங்கி, வாசலில் நிற்கும் சில்வர் ஓக்கே தெரிவதில்லை.

எல்லாப் படமும் செல்போனில் கிடைக்கும்போது விநியோகஸ்தர் எதற்கு என்று கேட்டிருந்தாய். டான் டால்போட் என்ற நியூயார்க் பட விநியோகஸ்தரைப் பற்றிப் படித்துக்கொண்டிருந்தேன். 2017 டிசம்பர் கடைசியில், 91 வயதில் போய்ச் சேர்ந்தவர். 1960இல் 'நியூயார்க்கர்' என்ற தியேட்டரைத் தொடங்கியவர், இத்தாலிய இயக்குநர் பெர்ட்டலூச்சியின் படம் ஒன்றை அங்கே போட ஆசைப்பட்டிருக்கிறார். ஒற்றைத் தியேட்டருக்கெல்லாம் தர முடியாது என்றாராம் தயாரிப்பாளர். சரி, மொத்த அமெரிக்காவுக்கும் கொடு என்று வாங்கிவிட்டார் மனுஷன்! 1965இல் நியூயார்க்கர் ஃபிலிம்ஸ் என்ற அவருடைய விநியோக நிறுவனம் பிறந்தது அப்படித்தான். நம் பாஷையில், ஒரு தியேட்டருக்காக ஏரியா உரிமையையே அவுட்ரைட்டில், அதாவது மொத்த விலைக்கு, எடுத்த கதை.

அப்புறம் கோதார், ஃபாஸ்பைண்டர், ஓசு என்று வெளிநாட்டு இயக்குநர்களின் படங்கள் வரிசையாக. 1985இல் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும், யூதப் படுகொலை பற்றிய ஆவணப்படமான 'ஷோவா'வையும் எடுத்து வெளியிட்டார். நாலு ஷோ கணக்கு பார்க்கும் நம் தியேட்டர்காரர்களிடம் இதைச் சொன்னால் டீ வாங்கிக் கொடுத்து அனுப்பிவிடுவார்கள்.

படிக்கப் படிக்க நம் ஃபிலிம் பெட்டிதான் ஞாபகம் வந்தது. நான் வாரமெல்லாம் விநியோக ஆபீஸின் ரெப்பாக (பிரதிநிதியாக) தியேட்டர் தியேட்டராகப் போய், டிக்கெட்டின் அடிக்கட்டையை எண்ணி டி.சி.ஆர். என்ற தினசரி வசூல் கணக்கை எழுதுவேன். ஞாயிற்றுக்கிழமை ஆனால் நாம் போடும் காட்சிக்காகப் புனே திரைப்பட ஆவணக் காப்பகத்திலிருந்து வந்த 16 எம்.எம். பெட்டியை நீயும் நானும் ஆளுக்கொரு கைப்பிடியாகத் தூக்குவோம். அன்றைக்கு சத்யஜித் ராய் படத்தில் ரீல் அறுந்ததே, நினைவிருக்கிறதா? நீ டார்ச்சைப் பல்லில் கடித்துக்கொண்டு பிளேடால் வெட்டி ஒட்டினாய். பதினொரு பேர்தான் கூட்டம். இருட்டில் ஒருவர்கூட எழுந்து போகவில்லை. வாட்ச்மேன் மட்டும் "முடிஞ்சிருச்சா சார்?" என்று இரண்டு தடவை கேட்டார்.

மாடர்ன் தியேட்டர்ஸ் நூற்றுக்கு மேல் படம் எடுத்த ஊர் நம்முடையது. சேலம் ஏரியா என்றால் சினிமாவில் தனி விலை. இருந்தும் நாம் ஞாயிற்றுக்கிழமை போட்ட மாதிரிப் படத்துக்கு, வாங்கி வெளியிட ஒரு ஏரியாக்காரர் இல்லை. "அவார்டு படமா? வேண்டாங்க" என்பதோடு பேச்சு முடிந்துவிடும். ஓடாது என்று ஓட்டிப் பார்க்காமலே சொன்னதுதான் எனக்கு இன்றைக்கும் ஆறவில்லை. நானும் அந்த ஆபீஸ் சம்பளத்தில் சாப்பிட்டவன்தான், அது வேறு.

செல்போனில் ஆயிரம் படம் கிடக்கிறது, ஒத்துக்கொள்கிறேன். நேற்று ராத்திரி முக்கால் மணி நேரம் பட்டியலையே தள்ளிக்கொண்டிருந்து தூங்கிப்போனேன். டால்போட் தன் தியேட்டரில் ஒரு நோட்டு வைத்து, வருகிறவர்களை வேண்டிய படத்தை எழுதச் சொல்வாராம். நாமும் வைத்திருந்தோம், அவரைத் தெரியாமலே. அவர் போன மறுமாதம் அவர் நடத்திய லிங்கன் பிளாசா தியேட்டரையும் மூடிவிட்டார்கள்.

இங்கே காபி கொட்டகையில் சுவருக்குச் சுண்ணாம்பு அடித்து வைத்திருக்கிறேன். மருமகன் புரொஜெக்டர் இரவல் வாங்கித் தருவதாகச் சொல்லியிருக்கிறான். தை பிறந்ததும் ஒரு ஞாயிற்றுக்கிழமை வா. இருபது கொண்டை ஊசி வளைவிலும் உனக்குத் தலை சுற்றும், எலுமிச்சம்பழம் வைத்துக்கொள். அந்த நோட்டு உன் பரணில்தான் இருக்கும், தேடிக் கொண்டுவா. கடைசிப் பக்கத்தில் நான் உனக்கு அஞ்சு ரூபாய் பாக்கி என்று எழுதியிருப்பாய், அதையும் தீர்த்துவிடலாம்.

உன்
பெட்டிக்காரன்