போட்ஸ்வானாவில் அதிபருக்கென்று வாக்குச்சீட்டு இல்லை

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். குடியரசுத் தலைவர் திரௌபதி முர்மு 2025 நவம்பரில் போட்ஸ்வானா சென்று வந்ததை ஒட்டி, அந்த நாட்டைப் பற்றித் தமிழில் படிக்க ஓரளவு செய்தி கிடைத்தது. மகிழ்ச்சி. ஆனால் 2024 தேர்தலைக் குறிப்பிடும்போது, மக்கள் நேரடியாக வாக்களித்து டூமா போகோவை அதிபராக்கினார்கள் என்ற பொருளில் எழுதிவிடுகிறார்கள். இந்த ஒரு பிழை போதும், அந்நாட்டு அரசியல் பிடிபடாமல் போக.

போட்ஸ்வானா வாக்காளர் கையில் கிடைப்பவை இரண்டு சீட்டுகள். ஒன்று நாடாளுமன்றத்துக்கு, மற்றது உள்ளாட்சி மன்றத்துக்கு. அதிபர் பதவிக்கு நிற்பவர் குறைந்தது 1,000 வாக்காளர்களின் ஆதரவோடு மனுத் தாக்கல் செய்வார். கட்சிகளின் நாடாளுமன்ற வேட்பாளர்கள், தாங்கள் யாரை அதிபராக ஆதரிக்கிறோம் என்பதை மனுத் தாக்கலின்போதே அறிவித்துவிடுவார்கள். எண்ணி முடித்ததும், யாருடைய ஆதரவாளர்கள் பாதிக்கு மேற்பட்ட தொகுதிகளில் வென்றிருக்கிறார்களோ அவரே அதிபர் என்று தலைமை நீதிபதி அறிவிப்பார். அவையில் தனியாக வாக்கெடுப்பு கிடையாது. 2024இல் தொகுதிகள் 61. எனவே 31 போதும். அரசியலமைப்பின் 32ஆம் பிரிவு சொல்லும் முறை இதுதான்.

அதிபர் தனக்கென ஒரு தொகுதியில் நிற்க வேண்டியதும் இல்லை. தொடக்கத்தில் அந்தக் கட்டாயம் இருந்தது. 1969இல் துணை அதிபர் குவெட் மசிரே, இனக்குழுத் தலைவர் பட்டத்தைத் துறந்துவிட்டுத் தேர்தலில் இறங்கிய இரண்டாம் பத்தோயனிடம் கன்யே தொகுதியில் தோற்றார். 1972இல் சட்டத்தைத் திருத்தி அந்தக் கட்டாயத்தை நீக்கினார்கள். அப்போது அதிபராக இருந்த, நாட்டின் முதல் அதிபர் செரெட்சே காமாவின் நேர்மையையும், சொந்த இனக்குழுவின் நிலம் உட்பட எல்லாக் கனிம உரிமையையும் அரசுடைமையாக்கிய அவருடைய துணிவையும் நாங்கள் பெரிதும் மதிக்கிறோம். இருந்தாலும் இந்தத் திருத்தம் ஆளுங்கட்சியின் வசதிக்காகச் செய்யப்பட்டது என்பதே எங்கள் கருத்து.

தொகுதிக் கணக்கு எப்படியெல்லாம் புரளும் என்று பாருங்கள். 2014இல் ஆளுங்கட்சியான போட்ஸ்வானா ஜனநாயகக் கட்சி 46.5 சதவீத வாக்கு வாங்கியது. 57 தொகுதிகளில் 37 அதன் பக்கம். பாதிக்கு மேற்பட்டோர் எதிர்த்து வாக்களித்தும் செரெட்சேயின் மகன் இயன் காமா அதிபராகவே தொடர்ந்தார். 2024இல் அதே கணக்கு அந்தக் கட்சி மீதே திரும்பியது. சுமார் 30 சதவீத வாக்கு வாங்கியும் கிடைத்தவை 4 இடங்கள். ஏறத்தாழ 37 சதவீதம் பெற்ற போகோவின் 'குடை' கூட்டணிக்கு 36 இடங்கள்; 21 சதவீதம் பெற்ற போட்ஸ்வானா காங்கிரஸ் கட்சிக்கு 15. பத்து சதவீதத்தைக்கூட எட்டாத தேசபக்த முன்னணி 5 இடங்களோடு ஜனநாயகக் கட்சியை முந்திவிட்டது. காரணம் எளியது: ஜனநாயகக் கட்சியின் வாக்கு நாடெங்கும் பரவிக் கிடந்து, தொகுதிக்குத் தொகுதி யாராவது ஒருவருக்குப் பின்னால் நின்றது. முன்னணியின் வாக்கோ காமா குடும்பத்தின் செரோவே வட்டாரத்தில் குவிந்திருந்தது. தனக்குப் பின் தானே அதிபர் பதவியில் அமர்த்திய மொக்வீட்சி மசிசியோடு மோதி, 2019இல் கட்சியை விட்டு வெளியேறிய இயன் காமா ஆதரித்த கட்சி அது. 58 ஆண்டு ஆட்சி வீழ்ந்ததில் ஊழல் புகார்களுக்கும் வேலையின்மைக்கும் வைரச் சந்தையின் சரிவுக்கும் பங்கு உண்டு. ஆனால் 4 என்ற எண்ணை அவை மட்டும் விளக்கிவிடாது.

யாரும் அதிகம் பேசாத இன்னொரு மாற்றமும் உண்டு. 1997 திருத்தம் அதிபருக்கு மொத்தம் 10 ஆண்டு என்று வரம்பு வைத்தது. அதிபர் விலகினால் துணை அதிபர் தானாகவே அதிபராவார் என்றும் வைத்தது. அப்போது அதிபராக இருந்த மசிரே 1998 மார்ச் 31 அன்று விலகினார். அடுத்த நாள் பதவியேற்ற ஃபெஸ்டஸ் மொகாயின் பத்தாண்டு 2008 மார்ச் 31 அன்று முடிந்தது. அவருக்குப் பின் வந்த இயன் காமாவுக்கு அது 2018 மார்ச் 31. அடுத்து வந்தவர் மசிசி. பொதுத் தேர்தல்களோ 1999, 2009, 2019 அக்டோபர்களில். ஆக, ஒவ்வொரு புதிய அதிபரும் வாக்காளரைச் சந்திக்காமலே பதவியேற்று, ஏறக்குறைய ஒன்றரை ஆண்டு அதிகாரத்தில் இருந்துவிட்டுத்தான் தேர்தலுக்கு வந்தார். மூவரும் வென்றார்கள்.

மசிசியின் தோல்வி இந்தச் சுற்றை அறுத்துவிட்டது. போகோ பதவியேற்றது 2024 நவம்பர் 1. அவர் 2029இல் மீண்டும் வென்றாலும், இடையில் அவை கலைக்கப்படாவிட்டால், அவருடைய பத்தாண்டு 2034 பொதுத் தேர்தலையொட்டியே முடியும். வாரிசுக்கு முன்கூட்டியே நாற்காலியைக் கொடுத்துப் பழக்கும் அந்த இடைவெளி இப்போது இல்லை. சட்டத்தில் ஒரு எழுத்தும் மாறாமல் நடந்த இதை, ஆட்சி மாற்றத்துக்கு இணையான செய்தி என்றே சொல்வோம்.

மாறாதவையும் பல. 47ஆம் பிரிவின்படி அதிபர் தன் சொந்த முடிவின்படியே செயல்படலாம்; யாருடைய ஆலோசனையையும் ஏற்றாக வேண்டியதில்லை. அவருடைய அரசின் மீது நம்பிக்கையில்லாத் தீர்மானம் நிறைவேறினால், அதற்குள் அவர் பதவி விலகாதவரை, நான்காம் நாள் நாடாளுமன்றமே கலைந்துவிடும். உறுப்பினர்கள் தங்கள் இடத்தையும் சேர்த்துப் பணயம் வைக்க வேண்டும் என்றால் யார் துணிவார்? போகோ அரசு முதலில் கைவைக்க வேண்டிய இடம் இதுதான்.

2029 தேர்தல் முடிவை வெளியிடும்போது, கட்சிகள் வென்ற இடங்களுக்குப் பக்கத்தில் அவற்றின் வாக்கு சதவீதத்தையும் தனி நிரலாக அச்சிட வேண்டுகிறோம்.

இப்படிக்கு,
வாசகர்கள், மதுரை