துப்பாக்கி கேமும் கபடி மாதிரி டீம் ஆட்டம் தானுங்க

அன்புள்ள ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கமுங்க.

போன வாரம் உங்க பத்திரிகை வாசகர் பக்கத்துல ஒரு பெரியவரு எழுதியிருந்த கடிதத்த படிச்சேன். துப்பாக்கி கேம் ஆடற பசங்க எல்லாம் கண்ண மூடிட்டு பட்டன அமுக்கிட்டு இருக்காங்க, வெரல் வேகமா இருக்கறவன் ஜெயிப்பான், இதுல மூளைக்கு என்ன வேலைன்னு கேட்டிருந்தாரு. அவரோட அக்கறைய மதிச்சே சொல்றனுங்க, அது அப்படி இல்லீங்க. வெரல் வேகமா இருந்த டீமெல்லாம் வரிசையா தோத்துப் போனத பக்கத்துல உக்காந்து பாத்தவன் நானு, அதனால தான் எழுதறேன்.

எனக்கு ஊரு அவிநாசி, திருப்பூர்ல ஒரு பனியன் கம்பெனியில கட்டிங் செக்சன்ல வேலை. 2005 வாக்குல ஷிப்ட் முடிஞ்சு பிரவுசிங் சென்டருக்குப் போயி கவுண்டர் ஸ்ட்ரைக் 1.6 ஆடுவோம், ஒரே ரூம்ல பத்து கம்ப்யூட்டர், இந்தப் பக்கம் அஞ்சு பேரு அந்தப் பக்கம் அஞ்சு பேரு. ஹாஃப் லைஃப்ங்கற கேமுக்கு மேல மின் லீ, ஜெஸ் கிளிஃப்னு ரெண்டு பேரு 1999-ல செஞ்சது அது, பொறவு வால்வ் கம்பெனி வாங்கி 2000-ல வெளியிட்டாங்க, 2023-ல கவுண்டர் ஸ்ட்ரைக் 2 வந்துருச்சு. ஆனா ஆட்டத்தோட அடிப்படை அன்னைக்கு இருந்தது தான் இன்னைக்கும். ஒரு டீம் ரெண்டு எடத்துல ஏதாச்சும் ஒண்ணுல பாம் வெக்கோணும், இன்னொரு டீம் அத தடுக்கோணும், செத்தவன் அந்த ரவுண்டு முடியற வரைக்கும் திரும்பி வர முடியாது. இந்த கடைசி ரூல் தானுங்க எல்லாத்தையும் மாத்துது. ஒரு உசுரு தான்னு ஆனவுடனே அவசரப்படறவன் டீமுக்கே பாரம் ஆயிடறான்.

கபடி தெரிஞ்சவங்களுக்கு இது சீக்கிரம் புரியும். ஏழு பேரு நிக்கறாங்க, ரைடர் உள்ள வர்றான், கார்னர்ல நிக்கறவன் கால புடிச்ச அதே நொடியில கவர் பையன் மேல விழோணும், செயின் கைய விடக்கூடாது. கார்னர் பையன் எவ்வளவு பெரிய பலசாலியா இருந்தாலும் தனியா பாஞ்சா ரைடர் அவனையும் இழுத்துட்டு கோட்டத் தொட்டுருவான். இதையே தான் கேம்ல ட்ரேடுன்னு சொல்றாங்க, நம்மாளு ஒருத்தன் விழுந்தா அவன சுட்டவன அடுத்த செகண்டே நாம சுட்டுரோணும், அஞ்சுக்கு அஞ்சு நாலுக்கு நாலு ஆகும், நாலுக்கு அஞ்சு ஆகவே கூடாது. அதுக்கு பக்கத்துல நிக்கோணும். ரொம்பப் பக்கத்துலயும் கூடாது, ஒரே குண்டுவீச்சுல ரெண்டு பேரும் போயிருவாங்க.

பொங்கல் லீவுல என்ற அக்கா பையனும் அவன் கூட்டாளிக நாலு பேரும் எங்க வீட்டு மாடியில ஒரு கவுண்டர் ஸ்ட்ரைக் மேட்ச் ஆடுனாங்க, அத சொன்னாத்தான் நான் சொல்ல வர்றது வெளங்கும். டஸ்ட் 2ங்கற மேப், அதாவது ஆட்டக்களம், அதுல பாம் வெக்கற ரெண்டு எடத்துக்கும் ஏ, பின்னு பேரு. மொதல் பன்னெண்டு ரவுண்டுல இவங்க 5, எதிராளி 7. பக்கம் மாறி இவங்க தடுக்கற டீம் ஆனாங்க, அதுல மொத ரவுண்டு எல்லாத்துக்கும் கேமுக்குள்ள குடுக்கற காசு வெறும் 800 டாலர், பிஸ்டல் தான். பி எடத்துக்குப் போற டனல்ல காலடி சத்தம் கேட்டவுடனே மாப்ள, அதான் அக்கா பையன், மைக்ல கத்தறான், டேய் அங்க அங்க அங்க வரானுக டேய்னு. அங்கன்னா எங்க? எத்தன பேரு? நடு மேப்ல நின்ன பையனுக்கு ஒண்ணும் புரியல, அவன் ஏ பக்கம் ஓடிட்டான். மாப்ள தனியா எட்டிப் பாத்து ஒருத்தன சுட்டுட்டு செத்துட்டான், பக்கத்துல இருந்தவன் வர்றதுக்குள்ள பாம் வெச்சாச்சு. 5-8.

நான் சொன்னேன், கண்ணு, மூணே விசயம் சொல்லு, எங்க, எத்தன பேரு, அவன் நெலம என்ன, சொல்லிட்டு வாய மூடிக்க. டனல்ல மூணு, ஒருத்தன் லோ, அதாவது அடிபட்டு உசுரு கொஞ்சம் தான் பாக்கி. இவ்வளவு தான். செத்ததுக்கு அப்பறம் ச்சே நான் அடிச்சிருப்பேன் அவன் ஏமாத்தி ஆடறான்னு பொலம்பிட்டு இருந்தா உசுரோட இருக்கறவனுக்கு காலடி சத்தம் கேக்காது, இந்த ஆட்டத்துல பாதி வேலைய செய்யறதே காது தான்.

அடுத்தது காசு. நெம்ப பேருக்கு இந்த கேம்ல ஒரு கணக்கு ஓடிட்டு இருக்கறதே தெரியாது, பெரியவரும் இதப் பாத்திருக்க மாட்டாருன்னு நெனைக்கறேன். ஏகே 47 வாங்க 2,700, கவசமும் ஹெல்மெட்டும் சேத்து 1,000, ஏடபிள்யூபி ஸ்னைப்பர் 4,750. எதிராளிகள முழுசா அழிச்சு ஜெயிச்சா ஆளுக்கு 3,250 வரும், தோத்தாலும் கொஞ்சம் வரும், தொடர்ந்து தோக்கத் தோக்க அது 500, 500-ஆ ஏறி 3,400-ல நிக்கும். அந்த மேட்ச்ல 5-8 ஆனப்போ இவங்க கையில ஆளுக்கு ரெண்டாயிரம் சொச்சம் தான். ரெண்டு பசங்க இருக்கற காசுக்கு சின்ன கன்னு வாங்கி ஃபோர்ஸ் பண்ணலாம் மாமாங்கறாங்க, மூணு பேரு வேண்டாங்கறாங்க. பாதிப் பேரு வாங்கி பாதிப் பேரு வாங்காம போறது தான் இருக்கறதுலயே மோசம், இந்த ரவுண்டும் போயிரும் அடுத்த ரவுண்டுக்கும் கையில ஒண்ணும் இருக்காது. நூல் விலை ஏறி இருக்கறப்ப அவசரப்பட்டு பாதி ஆர்டருக்கு மட்டும் நூல வாங்கிப் போட்டுட்டு மீதிக்கு கைய பெசஞ்சுட்டு நின்னவங்கள எங்கூர்ல நான் பாத்திருக்கேன், அதே கதை தான். அஞ்சு பேரும் சேந்து வாங்கோணும், இல்லாட்டி அஞ்சு பேரும் சேந்து சேமிக்கோணும். கடைசியில எல்லாரும் சேவ் பண்ணாங்க, 5-9 ஆச்சு, ஆனா அடுத்த ரவுண்டுக்கு ஆளுக்கு நாலாயிரத்துச் சொச்சம் கையில நின்னுச்சு.

அந்த ரவுண்டு இன்னும் எனக்கு கண்ணுல நிக்குதுங்க. டனல் வாய்ல மாப்ள ஸ்மோக் குண்டு போட்டான், ரெண்டு பக்கமும் வேலி இருக்கற இட்டேரித் தடத்துல முள்ள வெட்டிப் போட்டு அடைச்ச மாதிரி, புகை கலையற வரைக்கும் உள்ள வர்றவனுக்கு எதுவுமே தெரியாது. இந்த தாட்டி எட்டிப் பாக்கல. ரெண்டு பேரும் ரெண்டு வேற மூலையில நின்னு ஒரே எடத்த குறி வெச்சாங்க, வர்றவன் ஒருத்தனப் பாத்தா இன்னொருத்தனுக்கு முதுகு காட்டித்தான் ஆகோணும். மொதல்ல வந்தவன இவன் கூட்டாளி சுட்டான், ரெண்டாவது ஆளு அந்தக் கூட்டாளிய சுட்டான், மாப்ள அவன சுட்டுட்டு பின்னால போயிட்டான். மீதி மூணு பேரும் உள்ள வந்து பாம் வெச்சுட்டாங்க. வெச்ச பாம் வெடிக்க 40 செகண்ட், அத வெடிக்காம எடுக்க சும்மா கையில 10 செகண்ட், 400 குடுத்து அதுக்குன்னு இருக்கற கிட் வாங்கி வெச்சிருந்தா 5 செகண்ட். அப்ப கிட் இல்லாதவனுக்கு 30 செகண்டுக்கு மேல ஆயிருச்சுன்னா ஓடி வர்றதுல பிரயோசனமே இல்ல, துப்பாக்கியையாச்சும் காப்பாத்திட்டு ஒதுங்கிரோணும், இந்த அஞ்சு செகண்டுல எத்தனையோ மேட்ச் கை மாறியிருக்கு. மாப்ள தனியா உள்ள போகாம நின்னான். எனக்கே கை துறுதுறுங்குது, ஆனா அவன் நின்னான். நாலு பேரும் கதவுப் பக்கமும் ஜன்னல் பக்கமும் வந்து சேந்து, கண்ண கூச வெக்கற ஃபிளாஷ் குண்டு ஒண்ணு உள்ள விழுந்தவுடனே ஒண்ணா போனாங்க. ரெண்டு பேரு விழுந்தாங்க, எதிராளி மூணு பேரும் விழுந்தாங்க. கிட் வெச்சிருந்தவன் உக்காந்தப்ப மீதி ஏழு செகண்டோ என்னமோ. எடுத்துட்டான். அங்கிருந்து 13-11னு மேட்சையே ஜெயிச்சாங்க. அந்த அஞ்சு பேர்ல நல்லா சுடறவன்னு சொல்லிக்கற மாதிரி ஒருத்தனுமே இல்லீங்க.

மத்த கேமும் இதே மாதிரி தான். 2015-ல வந்த ரெயின்போ சிக்ஸ் சீஜ்ல ஆட்டம் ஆரம்பிக்க முன்னாடி 45 செகண்ட் தயாராக குடுப்பாங்க, தடுக்கறவன் சொவர பலப்படுத்தோணும், அடிக்கறவன் சின்ன ட்ரோன உருட்டி விட்டு எந்த ரூம்ல யாரு இருக்காங்கன்னு பாக்கோணும், அந்த ட்ரோன கண்ட எடத்துல விட்டு ஒடைச்சுக்கற டீம் பாதி தோத்த மாதிரி. போன்ல ஆடற பிஜிஎம்ஐ-ல (பேட்டில்கிரவுண்ட்ஸ் மொபைல் இந்தியா) நூறு பேரு எறங்கறாங்க, நாலு பேரு ஸ்குவாடு, எராங்கல் மேப் எட்டுக்கு எட்டு கிலோமீட்டர். அதுல சத்தம் கேட்ட சண்டைக்கெல்லாம் ஓடறவன் முதுகுல மூணாவது டீம் வந்து அடிக்கும். அடுத்த ஜோன், அதாவது ஆபத்தில்லாம நிக்கக்கூடிய எல்லை, எங்க சுருங்குதுன்னு பாத்து முன்னாடியே நல்ல வீட்டையோ மேட்டையோ புடிச்சு உக்காந்த ஸ்குவாடு தான் கடைசி வரைக்கும் வரும்.

சுடற பழக்கம் வேண்டாம்னு நான் சொல்லல. நடக்கறப்பவே குறி தல உசரத்துல இருக்கோணும், தரையப் பாத்துட்டு ஓடறவன் ஆளு வந்ததுக்கு அப்பறம் தூக்கறதுக்குள்ள செத்துருவான். அது ஒரு மாசப் பழக்கத்துல வந்துரும். காசு கணக்கும் பேச்சுக் கட்டுப்பாடும் வர்றதுக்குத் தான் வருசம் ஆகுது.

இன்னொண்ணுங்க, காசு கட்டி ஆடற ரம்மியையும் இதையும் ஒரே தராசுல வெக்காதீங்க. 2025 ஆகஸ்ட்ல பார்லிமெண்ட்ல வந்த ஆன்லைன் கேமிங் சட்டமே பணம் வெச்சு ஆடறத தடை பண்ணிட்டு இ-ஸ்போர்ட்ஸ தனியா பிரிச்சு விளையாட்டா ஏத்துக்கிச்சு, 2023-ல ஹாங்சோவுல நடந்த ஆசிய விளையாட்டுல இ-ஸ்போர்ட்ஸுக்கு மெடலே குடுத்தாங்க. படிப்ப விட்டுட்டு ராத்திரி முழுக்க ஆடறது தப்பு தான், எங்க வீட்லயும் பத்து மணிக்கு மேல கிடையாது.

நான் கேக்கறது ஒண்ணு தானுங்க. உங்க விளையாட்டுப் பக்கத்துல கபடிக்கு எந்த ரைடர் எங்க புடிபட்டான், ஏன் புடிபட்டான்னு நல்ல தமிழ்ல விளக்கமா போடறீங்க, நான் வரி விடாம படிக்கறேன். அதே மாதிரி மாசத்துக்கு ஒரு தாட்டி இந்த ஆட்டத்துக்கும் கால் பக்கம் ஒதுக்குங்க, ஒரே ஒரு ரவுண்ட எடுத்து மேப் படம் போட்டு விளக்குனா போதும். திருப்பூரு, ஈரோடு, கோபி பக்கத்துப் பசங்க இப்ப இந்தி வீடியோவையும் இங்கிலீசு வீடியோவையும் பாத்து பாதி புரிஞ்சு பாதி புரியாம ஆடிட்டு இருக்காங்க. எழுதறதுக்கு ஆள் வேணும்னா நான் எழுதித் தர்றேன், காசு வேண்டாம். கடிதம் எழுதுன பெரியவரும் ஒரு நாளு எங்க வீட்டு மாடிக்கு வரட்டுங்க, பசங்க ஆடறப்ப பக்கத்துல உக்காந்து பாக்கட்டும்.

இப்படிக்கு,
உங்கள் நெடுநாள் வாசகன்,
அவிநாசி.